சுவர் இல்லாத பக்கம்

முதல் நாள், திருநெல்வேலி

நெல்லை எக்ஸ்பிரஸ் காலையில் ஜங்ஷனில் இறக்கிவிட்டபோதே காற்று ஆளைத் தள்ளியது. ஆடிக் காற்று. ஊருக்கு வருகிறவர்களுக்கு அது சுகம். ஒலிப்பதிவு செய்கிற எனக்கு ஆறு நாள் கவலை. மைக்குக்குப் போடுகிற ரோம உறை இரண்டு கொண்டுவந்திருக்கிறேன். போதாது என்று பிளாட்பாரத்தில் நிற்கும்போதே தெரிந்துவிட்டது.

வந்த காரியத்தைச் சொல்லிவிடுகிறேன். பத்து வருசமாகப் பழக்கமான அக்கா ஒருவர் படம் எடுக்கிறார். பாளையங்கோட்டைக்காரர். படம் முடிகிறவரை பேர் வேண்டாம் என்று சொல்லியிருப்பதால் அக்கா என்றே எழுதுகிறேன். அவர் படங்களில் நடிகர்கள் கிடையாது. வாழ்ந்தவர்களே வந்து, வாழ்ந்ததைத் திரும்ப நடிப்பார்கள். நடுவில் நடக்காத ஒன்றும் நடக்கும். எது நடந்தது, எது சேர்த்தது என்று கோடு போட்டுக் காட்ட மாட்டார். இதற்காக அவரோடு இரண்டு படங்களில் சண்டை போட்டிருக்கிறேன். ஓர் ஊரின் சத்தத்தை எடுத்து இன்னோர் ஊரின் காட்சிக்கு ஒட்ட மாட்டேன் என்பது என் தொழிலில் எனக்கு இருக்கிற பிடிவாதம். கண்ணை ஏமாற்றலாம், காதை ஏமாற்றக்கூடாது என்று நம்புகிறவள் நான்.

இந்தப் படம் மாஞ்சோலைக்காரர்களைப் பற்றியது. சிங்கம்பட்டி ஜமீன் 1929-ல் மேற்கு மலைக் காட்டில் 8,000 ஏக்கருக்கு மேல் ஒரு கம்பெனிக்கு 99 வருசக் குத்தகைக்கு விட்டது. மாஞ்சோலை, காக்காச்சி, நாலுமுக்கு, ஊத்து, குதிரைவெட்டி என்று தேயிலைத் தோட்டங்கள் வந்தன. குத்தகை 2028-ல் முடிகிறது. அதற்கு முன்பே, 2024 ஜூனில், விருப்ப ஓய்வு என்ற பேரில் வேலையை நிறுத்திவிட்டார்கள். மூன்று நான்கு தலைமுறையாக மலையிலேயே பிறந்து, மலையிலேயே செத்தவர்களின் பிள்ளைகள் கீழே இறங்கத் தொடங்கினார்கள். அப்படி இறங்கி, இப்போது கல்லிடைக்குறிச்சியில் வாடகை வீட்டில் இருக்கிற ஒரு பெரியம்மாவைச் சுற்றித்தான் படம். முப்பத்தைந்து வருசம் கொழுந்து பறித்தவர்.

மத்தியானம் அக்கா கொக்கிரகுளத்துக்குக் கூட்டிக்கொண்டு போனார். ஆட்சியர் அலுவலகத்துக்குப் பக்கத்தில் தாமிரபரணி. 1999 ஜூலை 23 அன்று, கூலி உயர்வு கேட்டும், சிறையில் இருந்த தோட்டத் தொழிலாளர்களை விடச் சொல்லியும் ஊர்வலமாக வந்தவர்கள் மேல் இங்கேதான் தடியடி நடந்தது. கூட்டம் ஆற்றுக்குள் ஓடியது. 17 பேர் செத்துப்போனார்கள். ஒன்றரை வயதுக் குழந்தையும் அதில் உண்டு.

கரையில் நின்று இருபது நிமிடம் ஆற்றைப் பதிவு செய்தேன். பாலத்தில் பஸ் போகிறது. யாரோ துணி துவைக்கிறார்கள். "இத எந்தக் காட்சிக்குப் போடுவீங்க?" என்று கேட்டேன். "தெரியல. இருக்கட்டும்" என்றார் அக்கா.

இரண்டாம் நாள், கல்லிடைக்குறிச்சி

காலை செங்கோட்டை பாசஞ்சர். பேட்டை, சேரன்மகாதேவி, காருகுறிச்சி, வீரவநல்லூர் என்று ஒவ்வொரு நிலையமாக நின்று நின்று போகிற வண்டி. வாழைத் தோப்பும் வாய்க்காலும் ஜன்னலோடு கூடவே வந்தன. மேற்கே மலை நெருங்க நெருங்க வெயில் தணிந்து சாரல் விழுந்தது.

மேலே படம்பிடிக்க அனுமதி கிடைக்கவில்லை. அக்கா மூன்று மாதம் அலைந்தாராம். அதனால் பெரியம்மா இருந்த, தொழிலாளர்களுக்கு வரிசையாகக் கட்டிய லைன் வீட்டின் ஓர் அறையைக் கீழேயே கட்டியிருக்கிறார். மூடிக் கிடக்கிற ஓர் அரிசி ஆலையின் கிடங்குக்குள். ஒருகாலத்தில் அம்பை 16 நெல் மூட்டை மூட்டையாக அடுக்கியிருந்த இடம். தவிட்டு வாசனை இன்னும் சுவரில் இருக்கிறது. அதன் நடுவே ஒட்டுப்பலகையில் மூன்று சுவர், சாணி மெழுகிய தரை, ஓர் அடுப்பு. நாலாவது சுவர் இல்லை. அங்கே கேமரா.

அதைப் பார்த்ததும் எனக்கு ஃபிளாஹர்ட்டியின் பனிவீடுதான் ஞாபகம் வந்தது. அக்காவோடு சண்டை போடும்போதெல்லாம் நான் எடுக்கிற ஆயுதம் அது. 1922-ல் வந்த 'நானூக் ஆஃப் தி நார்த்' படத்தை ஆவணப்படங்களுக்கெல்லாம் மூத்தது என்பார்கள். அதில் பனிக்கட்டி வீட்டுக்குள் ஒரு குடும்பம் தூங்கி எழுந்திருக்கிற காட்சி வரும். நிஜமான பனிவீடு சின்னது, உள்ளே வெளிச்சமும் போதாது. ராபர்ட் ஃபிளாஹர்ட்டி அதற்காகப் பெரிதாக ஒன்றைக் கட்டவைத்து, ஒரு பக்கத்தைத் திறந்துவிட்டார். அந்தக் குடும்பம் வெட்டவெளிக் குளிரில் தூங்குவதுபோலப் படுத்துக்கொண்டது. நானூக் என்பது அந்த மனிதரின் பேரும் இல்லை. அல்லாகரியல்லாக் என்பதுதான் பேர். மனைவியாக வந்தவரும் மனைவி இல்லை. உண்மை என்று நூறு வருசமாகக் காட்டுகிற படத்தின் அடியிலேயே ஒரு வெட்டிய சுவர் இருக்கிறது என்று வாதாடுவேன்.

"அந்த வீட்டக் கட்டினது யாரு? அவங்களேதான்" என்பார் அக்கா. சண்டை அதோடு நிற்கும். இரண்டு பேருக்கும் திருப்தி இருக்காது.

பதினொரு மணிக்குப் பெரியம்மா வந்தார். ஆட்டோவை விட்டு இறங்கி, கிடங்குக்குள் வந்து, தூரத்தில் நின்று அறையைப் பார்த்தார். கொஞ்ச நேரம் ஒன்றும் பேசவில்லை.

"ஜன்னலு இங்கன இல்ல பிள்ள. அடுப்புக்கு நேரா இருக்கும். விடியக்காலம் அடுப்பு பத்த வைக்கும்போது அது வழியாத்தான் மேகம் உள்ள வரும்."

தச்சரைக் கூப்பிட்டு ஜன்னலைப் பெயர்த்தார்கள்.

"ஆணி எங்க? படங்கு மாட்டுத ஆணி."

மழைக்கும் செடியின் கீறலுக்கும் இடுப்பைச் சுற்றிக் கட்டிக்கொள்கிற தார்ப்பாய்த் துணி, படங்கு. ஆணி அடித்தார்கள். இன்னும் ஒரு சாண் கீழே என்றார். "நான் குட்டையில்லா, எனக்கு எட்ட வேண்டாமா?" மறுபடி அடித்தார்கள். கடையில் வாங்கிவைத்திருந்த புதுப்பானையைத் தானே தூக்கி வெளியே வைத்தார். சாயங்காலம் வரை இதேதான். ஒரு ஷாட்டும் எடுக்கவில்லை. அக்காவுக்கு அவசரமும் இல்லை. நோட்டில் எழுதிக்கொண்டே இருந்தார்.

எல்லாம் முடிந்து, உள்ளே வாங்க பெரியம்மா என்று கூப்பிட்டபோது, பலகையால் போட்ட அந்த வாசற்படிக்கு வெளியே அவர் செருப்பைக் கழற்றிவிட்டு, வலது காலை எடுத்துவைத்துப் போனார். காலையிலிருந்து நாங்கள் ஏழு பேரும் அதற்குள் செருப்போடுதான் நடந்துகொண்டிருந்தோம். ஒவ்வொருவராக வெளியே வந்து கழற்றினோம். யாரும் சொல்லவில்லை.

மூன்றாம் நாள், கல்லிடைக்குறிச்சி

படப்பிடிப்பில் ஒவ்வோர் இடத்திலும் ஒரு நிமிடம் எல்லாரையும் பேசாமல் நிற்கவைத்து அந்த அறையின் சும்மா இருக்கிற சத்தத்தை எடுப்போம். ரூம் டோன் என்பார்கள். வெட்டி ஒட்டும்போது பேச்சுக்கும் பேச்சுக்கும் இடையே வைக்க அது வேண்டும். காலையில் எடுத்துக்கொண்டிருந்தபோது பெரியம்மா ஹெட்போனைக் கேட்டு வாங்கிக் காதில் வைத்தார்.

"இது வீட்டுச் சத்தம் இல்ல பிள்ள. இது மில்லுச் சத்தம்."

சரிதான். கிடங்கின் உயரம் காதில் விழுகிறது. எங்கோ புறா குனுகுகிறது. அப்படியானால் வீட்டுச் சத்தம் எது என்று கேட்டேன். யோசிக்கவே இல்லை, அடுக்கினார். ஷீட்டுக் கூரையில் மழை, அது நின்ற பிறகும் மரத்திலிருந்து ரொம்ப நேரம் சொட்டுகிற சொட்டு. பலகை ஒன்றுதான் நடுவில் என்பதால் பக்கத்து வீட்டுக்காரரின் இருமல். ஃபாக்டரிச் சங்கு. அவருடைய மாமனார் வைத்துக் கேட்ட சிலோன் ரேடியோ. மழை பிடித்தால் அதில் பாட்டு போய்விடுமாம், இரைச்சல் மட்டும் வருமாம். நாலுமுக்கிலும் ஊத்திலும் பெய்கிற மழை கணக்கைத்தான் இப்போது டிவியில் தினமும் சொல்கிறார்களே, தமிழ்நாட்டிலேயே அதிகம் என்று. அந்த மழைக்கு அடியில் ஒரு ரேடியோ எப்படிக் கேட்டிருக்கும் என்று மத்தியானம் முழுக்க நினைத்துக்கொண்டிருந்தேன்.

சாயங்காலம் அவர் வாடகை வீட்டுக்குப் போனோம். பின்பக்கம் ஒரு நந்தியாவட்டை. காபி ஆறட்டும் என்று வைத்துவிட்டு அந்தச் செடிக்குப் பக்கத்தில் போய் நின்று, பேசிக்கொண்டே, இரண்டு கையாலும் தளிரை ஒடிக்க ஆரம்பித்தார். கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும். இடது, வலது, இடது, வலது. கை நிறைந்ததும் தோளுக்குப் பின்னால் வீசினார். அங்கே கூடை இல்லை. தளிர் தரையில் விழுந்தது. அது அவருக்குத் தெரியவும் இல்லை.

"கையி சும்மா இருக்காது பிள்ள. சீரியல் பாக்கும்போதும் இப்படித்தான். மருமவ ஏசுவா."

மைக்கைக் கிட்டே கொண்டுபோனேன். வேகம் பிடித்ததும் அவர் பேச்சை நிறுத்தினார். பதினொரு நிமிடம். தளிர் முறிகிற சத்தம் இவ்வளவு மெல்லியது, இவ்வளவு ஒழுங்கானது என்று இதுவரை எனக்குத் தெரியாது. நடுநடுவே, கையில் சேர்ந்தது தோளைத் தாண்டிப் போகிற உரசல்.

மலையில் கொழுந்து பறிப்பதை அக்கா முன்பு ஒருமுறை தூரத்திலிருந்து எடுத்த காட்சி இருக்கிறது, சத்தமில்லாமல். இதை அதற்குப் போடலாம். பன்னிரண்டு வருசத் தொழிலில் நான் செய்ய மாட்டேன் என்று சொன்ன காரியம். அக்காவைக் கேட்காமல் பெரியம்மாவையே கேட்டேன்.

"போடேன். ஆனா நந்தியாவட்டைன்னு சொல்லிட்டுப் போடு."

ராத்திரி அக்காவோடு இதைப் பேசிக்கொண்டிருந்தேன். பேச்சு 'க்ளோஸ்-அப்' படத்துக்குப் போனது. மொஹ்சென் மக்மல்பாஃப் என்ற இயக்குநர் நான்தான் என்று சொல்லி ஒரு குடும்பத்துக்குள் நுழைந்து பிடிபட்டவர் ஹொசைன் சப்சியான். ஏமாற்றிய அவரையும், ஏமாந்த அந்தக் குடும்பத்தையும் வைத்தே நடந்ததைத் திரும்ப நடிக்கவைத்து 1990-ல் அப்பாஸ் கியாரஸ்தமி படமாக்கினார். முடிவில் நிஜமான மக்மல்பாஃப் வந்து சப்சியானை மோட்டார் சைக்கிளில் ஏற்றிக்கொண்டு போவார். அந்த இடத்தில் ஒலி விட்டுவிட்டுத்தான் கேட்கும். மைக் கெட்டுவிட்டது என்று படக்குழு பேசிக்கொள்வதும் கேட்கும். அது வேண்டுமென்றே செய்தது என்று பின்னால் தெரியவந்தது. காலேஜில் முதல்முறை பார்த்தபோது, அந்த ஒலிப்பதிவாளருக்காக நான் வருத்தப்பட்டேன். விசயம் தெரிந்தபோது கோபம் வந்தது. இப்போது தோன்றுவது வேறு. அவமானப்பட்ட ஒரு மனிதன் தான் கும்பிட்டவரைக் கட்டிப்பிடித்து அழுத பிறகு பேசுகிற பேச்சு அது. அதை முழுசாகக் கேட்க நமக்கு என்ன உரிமை?

நான்காம் நாள், சொரிமுத்து அய்யனார் கோயில்

இன்று படப்பிடிப்பு இல்லை. பெரியம்மா சாமி கும்பிடணும் என்றார். அம்பாசமுத்திரம், விக்கிரமசிங்கபுரம், பாபநாசம். அதற்கு மேலே சோதனைச் சாவடி தாண்டிக் காடு. வண்டி ஓட்டியவர் உள்ளூர் அண்ணாச்சி.

ஆடி அமாவாசைக் கூட்டம் போய்விட்டிருந்தது. லட்சக்கணக்கில் ஜனம் குடில் போட்டுத் தங்குகிற இடம், இப்போது ஆற்றுச் சத்தமும் குரங்குகளும்தான். இந்தக் கோயிலும் சிங்கம்பட்டி ஜமீனைச் சேர்ந்ததுதான். ஜமீன் ஒழிந்து எவ்வளவோ காலத்துக்குப் பிறகும் ஆடி அமாவாசைக்கு ராஜ உடையில் இங்கே வந்து உட்கார்ந்தவர் முருகதாஸ் தீர்த்தபதி. 2020-ல் காலமானார். மாஞ்சோலையைக் குத்தகைக்கு விட்டதும் அதே ஜமீன் என்பதைப் பெரியம்மாதான் எனக்கு எடுத்துச் சொன்னார். "அந்த மலைக்கு அங்கிட்டுதான் எங்க வீடு" என்று கையைக் காட்டினார். மேகம் மூடியிருந்தது. இருந்தாலும் எல்லாரும் அந்தப் பக்கம் பார்த்தோம்.

அய்யனாரைக் கும்பிட்டுவிட்டுப் பட்டவராயர் சன்னிதிக்குப் போனோம். இங்கே நேர்ச்சை, செருப்பு. தோல் செருப்புகளை வாங்கி வந்து கட்டித் தொங்கவிடுகிறார்கள். சில செருப்புகள் ரொம்பப் பெரியவை, மனிதக் காலுக்கு ஆகாதவை. அடிப்பக்கம் தேய்ந்திருந்த ஒன்றை அண்ணாச்சி காட்டினார். "புதுசாத்தான் கட்டுவாங்க. பட்டவராயர் ராத்திரி போட்டுக்கிட்டுக் காடு சுத்துதாரு. தேயாம என்ன செய்யும்?"

காற்று அடிக்கும்போது அந்தச் செருப்புகள் ஒன்றோடொன்று மோதுகின்றன. இந்தப் பயணத்தில் காற்று எனக்குக் கொடுத்த நல்ல சத்தம் அது ஒன்றுதான். அரைமணி நேரம் அங்கேயே நின்றுவிட்டேன்.

கதை தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். முத்துப்பட்டன் பிராமணப் பிள்ளை. காட்டுவழியில் பொம்மக்கா, திம்மக்கா என்ற அக்கா தங்கையைப் பார்த்து ஆசைப்படுகிறான். அவர்கள் அப்பன் வாலப்பகடை, செருப்புத் தைக்கிறவர், மாட்டுக்கிடைக் காவல்காரர். பெண் வேண்டுமானால் எங்களில் ஒருத்தனாக மாறி வா என்கிறார். குடுமியையும் பூணூலையும் அறுத்துப்போட்டுத் தோல் தைக்கக் கற்றுக்கொள்கிறான் பட்டன். பிறகு ஒருநாள் கிடை மாட்டைத் திருடர்கள் ஓட்டிக்கொண்டு போக, மீட்கப் போய்ச் சாகிறான். பெண்கள் இரண்டு பேரும் தீயில் இறங்குகிறார்கள். மூன்று பேரும் சாமியானார்கள். வில்லுப்பாட்டில் இதைக் கேட்காத ஊர் தாமிரபரணிக் கரையில் இருக்காது.

இந்தக் கதைப்பாடலைத் தேடிப் பதிப்பித்தவர் நா. வானமாமலை, நாங்குநேரிக்காரர். பாளையங்கோட்டையில் இருந்துகொண்டு இந்தப் பக்கத்து நாட்டார் பாடல்களையெல்லாம் சேகரித்தவர். அவர் எழுதியிருக்கிற ஒரு விசயத்தை நேற்றிலிருந்தே மனதில் புரட்டிக்கொண்டிருக்கிறேன். பின்னால் வந்த பாட்டுகளில் பொம்மக்கா, திம்மக்காவின் பிறப்பை மாற்றிவிட்டார்கள். அவர்கள் பிராமணக் குழந்தைகள்தான், காட்டில் கிடந்தார்கள், வாலப்பகடை எடுத்து வளர்த்தார் என்று. சாதி மீறிய கல்யாணத்தைப் பொறுக்க முடியாதவர்களுக்காக ஒட்டிய ஒட்டு அது.

நடந்த கதையில் நடக்காததைக் கலப்பது இந்த ஊருக்குப் புதிது இல்லை. யார் கலந்தார்கள், யாருக்காகக் கலந்தார்கள்? ஃபிளாஹர்ட்டியை வைத்து அக்காவிடம் சண்டை போட்ட இத்தனை வருசத்தில், இதைக் கேட்க எனக்குத் தோன்றவே இல்லை.

திரும்பும்போது வண்டியில் பெரியம்மாவிடம் இந்த மாற்றத்தைச் சொன்னேன். அவர் கேட்டுக்கொண்டே வந்தார். பாபநாசம் இறக்கம் வந்ததும் கேட்டார்:

"பிறப்ப மாத்திட்டாங்க, சரி. அப்பம் செருப்பு எதுக்குத் தொங்குதாம்?"

ஐந்தாம் நாள், கல்லிடைக்குறிச்சியும் ஒரு கொடையும்

இதுவரை எடுத்ததைப் போட்டுக் காட்டினோம். ஆலைச் சுவரில் வெள்ளை வேட்டி. மலையிலிருந்து இறங்கி இந்தப் பக்கமே தங்கிவிட்டவர்கள், மணிமுத்தாறிலிருந்து பஸ் ஏறி வந்தவர்கள், முப்பது பேர் இருக்கும். எல்லாருக்கும் சுக்குக்காபி.

எடுத்ததை எடுக்கப்பட்டவர்களுக்கே காட்டி, அவர்கள் சொல்வதையும் படத்தில் சேர்ப்பது ஜான் ரூஷும் எட்கார் மோரானும் பாரிஸில் செய்தது, 1961-ல் வந்த 'க்ரோனிக்ல் தன் ஏத்தே' படத்தில். தங்களைத் திரையில் பார்த்தவர்கள் ஒருவரையொருவர் குறை சொல்வார்கள். இவர் நடிக்கிறார், அவர் மனசைத் திறந்து காட்டிக் கூச்சப்படுத்துகிறார் என்று. அதைப் படித்தும் பார்த்தும் இருக்கிறேன். ஆனாலும் இங்கே நடந்ததற்கு நான் தயாராக இல்லை.

முதலில் எல்லாம் திருத்தம்தான். சுவரில் அந்த நீலம் இல்லை, இன்னும் வெளிறிய நீலம். அடுப்புப் பக்கத்தில் விறகு இவ்வளவு காய்ந்து இருக்காது. "நீ இம்புட்டு மெதுவாப் பேச மாட்டியே, யாரு சொல்லிக் குடுத்தா?" என்று ஓர் அம்மா கேட்க, பெரியம்மா வாயைப் பொத்திச் சிரித்தார். ஒன்பது வயதில் மலையை விட்டு வந்த ஒரு பையன் திரைக்குப் பக்கத்தில் போய் நின்று ஜன்னலையே பார்த்துக்கொண்டிருந்தான். நிழல் விழுகிறது, தள்ளு என்று யாரும் சொல்லவில்லை.

அப்புறம் பெரியம்மா எழுந்தார். மைக் ஓடிக்கொண்டிருந்தது. அப்படியே எழுதுகிறேன்.

"ஒண்ணு கேக்கணும். நான் அன்னைக்கு வீட்டப் பெருக்கல. மழை வேற. லாரிக்காரரு அவசரப்படுத்துனாரு. சாமானத் தூக்கிப் போட்டு ஏறிட்டோம். குப்பையும் கூளமுமாக் கிடந்துச்சு. நான் வாக்கப்பட்டு வந்த வீடு. என் மாமியா செத்த வீடு. பொணம் எடுத்தாக்கூட வீட்டக் கழுவி விடுவோம்லா? அதுகூடச் செய்யல. ராத்திரி படுத்தா அந்தக் குப்பதான் கண்ணுல நிக்கி. படத்துல நான் அந்த வீட்டக் கழுவணும்."

சத்தமே இல்லை. பின்வரிசையில் இருந்த பெரியவர் ஒருவர் கேட்டார், "நடக்காதத எதுக்கும்மா காட்டணும்? நாளைக்கு எல்லாமே பொய்யின்னு சொல்லிருவான்."

"நடக்கலன்னு நானே சொல்லுதேன். சொல்லிட்டுத்தான் கழுவுவேன்."

ஓர் அம்மா, மெதுவாகப் பேசுகிறாய் என்று கேலி செய்தாரே, அவர்தான், உட்கார்ந்தபடியே சொன்னார்: "அப்பம் நானும் வாரேன். நானும் கழுவல."

இன்னும் இரண்டு பேர் கையைத் தூக்கினார்கள்.

அக்கா என்னைப் பார்த்தார். நான் சண்டை போடுவேன் என்று நினைத்திருக்கலாம். பேட்டரி சார்ஜ் போட வேண்டும் என்று எழுந்துபோனேன். கண் கலங்கியிருந்தது.

ராத்திரி சேரன்மகாதேவிப் பக்கத்தில் ஒரு சுடலைமாடன் கோயில் கொடைவிழா, அதில் கணியான் கூத்து. மகுடம் என்கிற தோல்மேளத்தைத் தீயில் காட்டிச் சூடேற்றிச் சுருதி சேர்த்தார்கள். உச்சம் ஒன்று, மந்தம் ஒன்று. பெண் வேசம் கட்டிய இரண்டு பேர் ஆட, அண்ணாவி சுடலையின் கதையைப் பாடினார். கைலாசத்தில் தொடங்கிய கதை, நடுச்சாமம் தாண்டியபோது அந்த ஊர் வாய்க்கால் பாலத்தைக் கடந்து, ரேஷன் கடை முக்கு திரும்பி, கோயில் வாசலுக்கு வந்துவிட்டது. சாமி ஆடுகிறவர் எழுந்தார். மகுடத்தின் அடிக்கு என் ரெக்கார்டரின் ஊசி சிவப்பைத் தொட்டது. குறைக்கவில்லை.

ஆறாம் நாள், கல்லிடைக்குறிச்சி

நாலு பேரும் ஒரே நேரத்தில் வந்தார்கள். தலைக்குக் குளித்து, பழைய சேலை கட்டி. ஒவ்வொருவர் கையிலும் அவரவர் வீட்டு வாரியல்.

நெல் ஊறவைக்கிற பழைய தொட்டியில் தண்ணீர் நிரப்பியிருந்தோம். ஒரே ஒரு முறைதான் எடுக்க முடியும். மெழுகிய தரை இரண்டாம் தடவைக்குத் தாங்காது. மைக் எங்கே வைப்பது என்று நேற்று முழுக்க யோசித்தேன். ஒன்று ஜன்னலில், ஒன்று அடுப்புக்குள், பூம் என்கிற நீளக் கம்பி மைக் என் கையில்.

பெரியம்மா படங்கு ஆணிக்குப் பக்கத்தில் நின்று, கேமராவைப் பார்க்காமல், என் மைக்கைப் பார்த்துச் சொன்னார்: "இது மில்லுக்குள்ள கட்டுன வீடு. அன்னைக்கு இத நான் செய்யல. இன்னைக்குச் செய்யுதேன்."

பெருக்க ஆரம்பித்தார்கள். குப்பை என்று நாங்கள் ஒன்றும் போட்டுவைக்கவில்லை. மரத்தூளும் ஒடிந்த ஆணியும் பலகைச் சீவலும் இருந்தன, வீடு கட்டிய குப்பை. அதையே வாரினார்கள். அப்புறம் தண்ணீர். முதல் குடம் சுவரில் அடித்து விழுந்தபோது நாலு பேரில் யாரோ ஒருவர் குலவையிட்டார். குலவை கல்யாணத்துக்கும் கொடைக்கும் உரியது. இன்னொருவர் அதே மூச்சில் ஒப்பாரிக் குரல் எடுத்தார். இரண்டும் சேர்ந்து அந்த உயரமான கிடங்குக்குள் சுற்றின. மில்லுச் சத்தம் என்று பெரியம்மா சொன்னாரே, அந்த எதிரொலி, அந்தக் குரல்களை வாங்கித் திருப்பிக் கொடுத்தது.

அடுப்பங்கரையிலிருந்து வாசல் வரை கழுவினார்கள். வாசல் வழியாகப் போயிருக்க வேண்டிய தண்ணீர் சுவர் இல்லாத பக்கமாக, எங்களைப் பார்த்து வந்தது. உதவி கேமராக்காரர் ஒயரைத் தூக்கினார். அக்கா நிறுத்தச் சொல்லவில்லை. வெறுங்காலில் தண்ணீர் பட்டது, தவிடு வாசனையோடு, சில்லென்று. பூமை இறக்காமல் நின்றேன்.

முடிந்ததும் நாலு பேரும் வெளியே படியில் உட்கார்ந்து சேலையைப் பிழிந்தார்கள். வெளியே சாரல். ரூம் டோன் ஒரு நிமிடம் எடுக்க வேண்டும், யாரும் பேசாமல் இருங்கள் என்றேன்.

"ரெண்டு நிமிசமா எடு பிள்ள" என்றார் பெரியம்மா.

எடுத்தேன். ஒட்டுப்பலகையிலிருந்து தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது. இரண்டு நிமிடம் தாண்டியும் சொட்டியது.